மல்லாவியில் ஒரு மரண அறிவித்தல்

மல்லாவி பேருந்து நிலையச் சுவரில் ஒரு பெண் மரண அறிவித்தல் ஒட்டிக்கொண்டிருக்கிறார். கை முழுக்கக் கோதுமை மாப் பசை. படத்தில் இருப்பவரோ முத்துமாலை அணிந்த ஒரு வெள்ளைக்கார மூதாட்டி! 'லண்டனைப் பிறப்பிடமாகவும் வதிவிடமாகவும் கொண்ட' என்று நம் வழமைப்படியே தொடங்குகிறது. அவருடைய அப்பப்பா, அப்பா, அண்ணன் மூவரும் பிரித்தானிய அமைச்சர்கள். மூவரின் பெயருக்கு முன்னாலும் 'காலஞ்சென்ற' இருக்கிறது.

"ஆரக்கா இவா?"

"லண்டனில எம்.பி.யா இருந்தவா. அங்க அகதியாப் போன என்ர மகனைத் திருப்பி அனுப்பவெண்டு பிளேன் வாசல் வரைக்கும் கொண்டுபோட்டாங்கள். இவாதான் மறிச்சவா."

அந்த அப்பப்பாவைப் பற்றிப் படித்திருக்கிறேன். வெள்ளைக்காரன் காலத்தில் லண்டனில் இருந்தபடியே இந்த நாட்டுக்கும் சட்டம் போட்டவர். எனக்குச் சுருக்கென்கிறது.

"இவாவின்ர அப்பப்பா எங்களை அடக்கி ஆண்ட ஆளல்லோ? அவரையும் ஏன் போட்டனீங்கள்?"

"ஓம், தெரியும். அதுக்காகச் செத்தவீட்டு நோட்டீசில சொந்தக்காரரை விடேலுமே?"

சொல்லிவிட்டு, சுருண்ட மூலையை உள்ளங்கையால் அழுத்தித் தேய்க்கிறார். என் பேருந்து ஹோர்ன் அடிக்கிறது. ஏறுவதற்கு முன் கடைசி வரியைப் படிக்கிறேன்.

'தகவல்: குடும்பத்தினர், மல்லாவி.'