இரண்டு ‘இல்லை’

என் மகளுக்குத் தமிழ் பேச வரும், எழுத வராது. ஓமனில், இந்தச் சலாலாவிலேயே பிறந்து வளர்ந்தவள். நான் குமரிக் கடற்கரைத் தமிழில் கத்துவேன், அவள் இங்கிலீஷில் பதில் சொல்வாள். சண்டை மட்டும் இருவருக்கும் நன்றாகப் புரியும். அப்படிப்பட்டவள் ஒரு வெள்ளிக்கிழமை, நான் ஆஸ்பத்திரி டியூட்டி முடிந்து வந்து மீன் கழுவிக்கொண்டிருந்தபோது, லேப்டாப்பைத் தூக்கிக்கொண்டு அடுக்களைக்கே வந்து, “மம்மி, பீயிங்குக்குத் தமிழ்ல என்ன வேர்ட்?” என்று கேட்டாள்.

பதினோராம் வகுப்புப் படிக்கிறாள். அது போதாதென்று சனிக்கிழமைதோறும் ஆன்லைனில் பழைய கிரேக்கத் தத்துவ வகுப்பு ஒன்றில் சேர்ந்திருந்தாள். இரண்டாயிரத்து ஐந்நூறு வருஷத்துக்கு முன்னால் கிரேக்கர் ஒருவர் யோசித்து யோசித்து ஒரு முடிவுக்கு வந்தாராம். இருப்பதுதான் இருக்கிறது, இல்லாதது இல்லை, இல்லாததை நினைக்கவும் முடியாது சொல்லவும் முடியாது என்பது அந்த முடிவு. இதை அவரவர் தாய்மொழியில் எழுதி, எழுதும்போது என்ன இடைஞ்சல் வந்தது என்று இரண்டு பக்கம் கொடுக்க வேண்டும். அதுதான் அசைன்மென்ட்.

“இதுல என்ன மக்ளே இடைஞ்சல்? இருக்கது இருக்கு, இல்லாதது இல்ல. முடிஞ்சு. இதச் சொல்லதுக்கு ஒரு ஞானி வேணுமா? இதுக்கா பீஸு கெட்டிப் படிக்க?” என்றேன்.

“ஓகே. ‘திஸ் இஸ் ஃபிஷ்’, தமிழ்ல சொல்லு.”

“இது மீனு.”

“இஸ் எங்க?”

கையிலிருந்த மீனைப் பார்த்தேன். இது, மீன், அவ்வளவுதான். நடுவில் ஒன்றும் இல்லை. நாற்பத்தாறு வருஷமாக வினைச்சொல்லே இல்லாமல் பேசிக்கொண்டிருக்கிறேன் என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது.

அவள் விடுவதாக இல்லை. “டாடி இல்லன்னு சொன்னா, டாடி வீட்ல இல்லயா, டாடியே இல்லயா?” என்றாள். அவள் அப்பாவுக்கு மஸ்கட் ரூவியில் ஒரு கம்பெனி ஆபீஸில் வேலை. மாதம் ஒருமுறை ஆயிரம் கிலோமீட்டர் பஸ்ஸில் குலுங்கிக்கொண்டு வருவார். கட்டின புருஷனைப் பற்றி இப்படி ஒரு கேள்வியா என்று எனக்குச் சுர்ரென்று ஏறியது. “வாயில வந்ததெல்லாம் பேசாத, வெளக்குமாறு பிஞ்சிரும்” என்றேன்.

ஆனால் கேள்வி மண்டைக்குள் புகுந்துவிட்டது. குழம்பு கொதிக்கும்போதும் அதுவே ஓடியது. ‘டாக்டர் இல்ல’ என்றால் டாக்டர் வெளியே போயிருக்கிறார். ‘அவரு டாக்டர் இல்ல’ என்றால் அவர் கம்பவுண்டர். ‘டாக்டர் வந்தாச்சுல்ல’ என்றால் வந்தேவிட்டார். ஒரே ‘இல்ல’. எழுதும்போது அல்ல, இல்லை என்று இரண்டு வைத்திருக்கிறோம். பேசும்போது இரண்டையும் ஒரே சட்டியில் போட்டுக் கிண்டிவிடுகிறோம். எங்கள் கோயிலில் கடவுளையே ‘இருக்கிறவர்’ என்று சொல்லி ஜெபிப்போம். எங்கே இருக்கிறவர், என்னவாக இருக்கிறவர் என்று ஒருநாளும் நான் கேட்டதில்லை. கேட்காதவரை நிம்மதியாகத்தான் இருந்தேன்.

அந்த நாட்களில் என் வார்டில் ராமநாதபுரம் பக்கத்து மேசன் ஒருவர் கிடந்தார். தும்ரைத் பக்கம் பாலைவனத்தில் சைட். வெயிலில் மயங்கி விழுந்ததில், சிறுநீரகம் இரண்டும் ஒத்துழைக்க மறுத்துவிட்டன. அந்த வார்டில் தமிழ் நர்ஸ் நான் ஒருத்திதான். அவர் மனைவிக்குத் தமிழைத் தவிர வேறு பாஷை தெரியாது. அதனால் ஊரிலிருந்து தினமும் என் நம்பருக்கே கூப்பிடுவாள். “சிஸ்டர், அவுக எப்புடி இருக்காக? ஒண்ணுக்குப் போனாகளா?” என்றுதான் தொடங்குவாள். போனார் என்றால் அவளுக்கு அன்றைக்குச் சோறு இறங்கும்.

இதை மகளிடம் சொன்னபோது அவள் கண் விரிந்தது. வேறொரு கிரேக்கர் இருந்தாராம், வைத்தியர் வீட்டுப் பிள்ளை. ஆரோக்கியம் என்ற சொல்லை உடம்புக்கும் சொல்கிறோம், மருந்துக்கும் சொல்கிறோம், மூத்திரத்துக்கும் சொல்கிறோம்; மூன்றும் ஒரே அர்த்தம் இல்லை, ஆனால் மூன்றும் உடம்பின் நலம் ஒன்றைத்தான் சுற்றுகின்றன, ‘இருப்பது’ என்ற சொல்லும் அப்படித்தான் பல விதமாகப் புழங்குகிறது என்று அவர் விளக்கினாராம். மூத்திரத்தை உதாரணமாக எடுத்த ஞானிமேல் எனக்கு உடனே மரியாதை வந்துவிட்டது. முதல் ஆள் சொன்னதைவிட இவர் சொன்னது ஏதோ புரிகிற மாதிரி இருந்தது. புரிந்ததா என்று கேட்டால் சொல்லத் தெரியாது.

செவ்வாய்க்கிழமை விடிந்ததும் மேசனை மஸ்கட்டிலுள்ள பெரிய ஆஸ்பத்திரிக்கு விமானத்தில் அனுப்பினார்கள். ஸ்ட்ரெச்சரில் போகும்போது, “வீட்ல சொல்லிருங்க சிஸ்டர்” என்றார். சொல்கிறேன் என்றேன். பத்து மணி இருக்கும், ஒரு பெரியவருக்குக் கையில் ஊசி ஏற்றிக்கொண்டிருக்கிறேன், மேசனின் மனைவி கூப்பிட்டாள். போனைத் தோளுக்கும் காதுக்கும் நடுவே இடுக்கிக்கொண்டேன்.

“அவுககிட்ட ஒரு நிமிசம் போனக் குடுக்குறீகளா சிஸ்டர்?”

“அவரு இல்லம்மா...” என்றேன். மஸ்கட்டுக்குக் கொண்டு போயிருக்கு என்று அடுத்த வார்த்தை வாயில் வந்துவிட்டது. லைன் கட்டாகிவிட்டது.

திரும்பக் கூப்பிடலாம் என்று நினைத்தேன். பெரியவருக்கு நரம்பு கிடைக்கவில்லை. அடுத்த பெட்டில் ஒருவர் வாந்தி. அப்புறம் ஒரு அட்மிஷன். போன் சைலண்டில் மேஜை டிராயருக்குள் போய்விட்டது. நான் மறந்தேன். இதற்கு மேல் இதில் சொல்ல எனக்குச் சமாதானம் ஏதும் கிடையாது.

மூன்று மணிக்கு மேசனோடு கேம்ப்பில் ஒரே ரூமில் இருப்பவர் வார்டுக்குள் ஓடிவந்தார். சைட் உடுப்புகூட மாற்றவில்லை. கன்னமெல்லாம் கண்ணீரும் சிமெண்டுமாக இருந்தது.

“சிஸ்டர், பாடிய எங்க வச்சுருக்கீக?”

“எந்தப் பாடி?”

“நம்ம ஆளு சிஸ்டர். ஊர்லருந்து போன் வந்துச்சு. நம்பாமத்தான் வந்தேன். கீழ ரிசப்சன்ல பேரச் சொன்னா, கம்ப்யூட்டர்ல பாத்துட்டு, மாஃபி, கலாஸ்ங்குறான்.”

இங்கத்து அரபியில் மாஃபி என்றால் இல்லை. கலாஸ் என்றால் முடிந்தது. ரிசப்ஷன் பையன் சொன்னதில் தப்பே இல்லை. பேஷண்ட் இங்கே இல்லை, டிஸ்சார்ஜ் வேலை முடிந்தது. நான் சொன்னதிலும் தப்பில்லை. இரண்டு சரியான பதில்களும் சேர்ந்து ஒரு மனிதரைக் கொன்றுவிட்டன.

டிராயரைத் திறந்து போனை எடுத்தால் முப்பதுக்கும் மேலே மிஸ்டு கால். கூப்பிட்டேன். பின்னால் ஒப்பாரி கேட்டது.

“ஏம்மா, அவரு இருக்காரு. மஸ்கட்ல இருக்காரு. பெரிய ஆஸ்பத்திரிக்கு மாத்தியிருக்கு. காலைல அதத்தான் சொல்ல வந்தேன்.”

“இருக்காகளா? உசுரோட இருக்காகளா?”

“இருக்காரும்மா.”

அவள் போனைத் தூக்கி எறிந்தாளோ, மயங்கினாளோ தெரியவில்லை. யாரோ கூவினார்கள். ஒப்பாரி பாதியில் நின்று, அதே குரல்கள் வேறு மாதிரி அழ ஆரம்பித்தன. கொஞ்சம் கழித்து அவளே வந்தாள். “நெத்திப் பொட்ட அழிச்சுட்டாகளே சிஸ்டர்” என்றாள். அதை அவள் கோபமாகச் சொல்லியிருந்தால் தாங்கியிருப்பேன். சிரித்துக்கொண்டே சொன்னாள். எனக்கு அறை வாங்கினது போல இருந்தது.

வீட்டுக்கு வந்து மகளிடம் சொல்லி அழுதேன். அவள் என்னைக் கட்டிக்கொண்டாள். ஆனால் பத்து நிமிஷம்கூட ஆகவில்லை, “மம்மி, திஸ் இஸ் த பெர்ஃபெக்ட் எக்ஸாம்பிள்!” என்று துள்ளினாள். இருந்த ஆத்திரத்தில் மேஜையை ஓங்கி அடித்தேன். தண்ணீர் கிளாஸ் விழுந்து உருண்டது. அவள் பயந்து அறைக்குள் போய்விட்டாள்.

தனியாக உட்கார்ந்து யோசித்தேன். அந்த ஐந்து மணி நேரம் அந்த மனிதர் மஸ்கட்டில் இருந்தார். ஊரில் இல்லை. அதுவும், இங்கே இல்லை என்கிற இல்லை அல்ல, ஒரேயடியாக இல்லை. இல்லாததை நினைக்க முடியாது என்ற கிரேக்கரை அந்த ஊருக்கு அழைத்துப் போய்க் காட்டியிருக்க வேண்டும். நடக்காத ஒரு சாவை ஊரே கூடி உட்கார்ந்து அழுதிருக்கிறது. அப்படியானால் அவர்கள் அழுதது எதற்கு? எங்கோ ஒன்று இருந்ததால்தானே அழுதார்கள்? எனக்குப் பிடிபடவே இல்லை. அறைக் கதவைத் தட்டி மகளையே கூப்பிட்டுக் கேட்டேன்.

அவள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டேதான் சொன்னாள். ‘இல்ல’ இரண்டு. ஒன்று, இந்த இடத்தில் இல்லை. இன்னொன்று, எந்த இடத்திலுமே இல்லை. முதல் இல்லைக்குப் பின்னால் ‘எங்கே’ என்று கேட்கலாம். இரண்டாவதற்குப் பின்னால் கேட்க முடியாது. பேப்பரில் கோடு போட்டு இரண்டு பக்கமாக எழுதியும் காட்டினாள். எனக்குப் பெரிய பாரம் இறங்கினதுபோல ஆயிற்று. இவ்வளவு சுலபமான விஷயம் தெரியாமல்தானே ஒரு பெண்ணின் பொட்டை அழிக்க வைத்தோம் என்று நினைத்தேன்.

அடுத்த நாள் மேசனின் மனைவி கூப்பிட்டபோது மகளின் பாடத்தை அப்படியே அவளுக்கு எடுத்தேன். மஸ்கட் வார்டில் இருந்த மலையாளி நர்ஸிடம் விசாரித்துச் சொல்ல என்னை விட்டால் அவளுக்கு ஆள் கிடையாது.

“கேட்டியாம்மா, ஆஸ்பத்திரில இல்லன்னு சொன்னா, அந்த எடத்துல இல்லன்னுதான் அர்த்தம். பதறப்பிடாது. எந்த எடத்துல இருக்காருன்னு கேக்கணும்.”

“சரி சிஸ்டர்.”

“எங்க, சொல்லு பாப்போம்.”

“இல்லன்னா பதறக்கூடாது. எந்த எடம்னு கேக்கணும்.” சொல்லிவிட்டு அவள் சிரித்தாள். நானும் சிரித்தேன். இருபது வருஷ நர்ஸ் வேலையில் ஒருவருக்கு இவ்வளவு தெளிவாக எதையும் விளக்கியதில்லை என்று எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது. மகள் அசைன்மென்ட்டை அனுப்பினாள். வகுப்பிலேயே நல்ல கட்டுரை என்று ஆசிரியை பாராட்டினாராம்.

புதனும் வியாழனும் நல்ல சேதிதான் வந்தது. டயாலிசிஸ் செய்கிறார்கள், கண் திறந்து பார்த்தார், இரண்டு ஸ்பூன் கஞ்சி குடித்தார். ஒவ்வொன்றையும் உடனுக்குடன் அவளுக்குச் சொன்னேன். வெள்ளியன்றும் ஒன்றும் பயமில்லை என்றார்கள்.

சனிக்கிழமை முற்பகல் மலையாளி நர்ஸ் கூப்பிட்டாள். திடீரென்று இதயம் நின்றுவிட்டது, அரைமணி நேரம் போராடிப் பார்த்தோம் என்றாள். கம்பெனி ஆளும் பேசினார். வீட்டுக்கு நீங்களே சொல்லிவிடுங்கள் சிஸ்டர், அவர்களுக்கு உங்களைத்தான் தெரியும் என்றார். யாராவது பெரியவர்களிடம் முதலில் சொல்லலாம் என்று நினைத்தேன். என்னிடம் அவள் நம்பர் மட்டும்தான் இருந்தது. கூப்பிட்டேன். முதல் மணியிலேயே எடுத்தாள்.

என்ன சொல்வதென்று நூறு முறை யோசித்திருந்தேன். அவள் குரல் கேட்டதும் எல்லாம் போய்விட்டது. நாம் எல்லோரும் சொல்கிற சொல்தான் வந்தது.

“அவரு... இல்லம்மா.”

அவள் பதறவே இல்லை.

“எந்த எடத்துல இருக்காக சிஸ்டர்? துபாய்க்குக் கொண்டு போறாகளா?”

குரலில் ஒரு சந்தோஷம்கூடத் தெரிந்தது. இன்னும் பெரிய ஊர், இன்னும் பெரிய டாக்டர் என்று நினைத்திருப்பாள்.

“போயிட்டாரும்மா” என்றேன்.

“அதான் சிஸ்டர், எங்க?”

அவள் கேட்டுக்கொண்டே இருந்தாள். நான் சொல்லிக்கொடுத்தபடி, பதறாமல், பொறுமையாகக் கேட்டாள். கடைசியில், ஒரு வீட்டாரிடமும் நான் இதுவரை சொல்லாத வார்த்தையைச் சொன்னேன்.

“செத்துட்டாரும்மா. செத்துப் போயிட்டாரு.”

அழுவாள் என்று காத்திருந்தேன். திட்டட்டும், சாபம் விடட்டும் என்றும் காத்திருந்தேன். பிறகு அவள் மெதுவாகப் பேசினாள்.

“செவ்வாக்கெழமையே அழுது முடிச்சிருந்தேனே சிஸ்டர். நாலு நாளா தல நெறையப் பூ வச்சுக்கிட்டுத் திரிஞ்சேனே.”