மாஸ்டரின் இடது கால்

ஒட்டன்சத்திரம் மார்க்கெட்டில் மூட்டை சுமப்பவர்களைப் பார்த்து எங்கள் மாஸ்டர் ஒரு நவீன நடனம் அமைத்தார். அவர் இறந்த பிறகு, ஓர் அசைவும் மாறாமல் அதைச் சொல்லிக்கொடுத்து வருகிறேன்.

திண்டுக்கல் ஒத்திகையில், மூட்டையோடு இடது காலை இழுத்து நடக்கும் இடத்தில் ஷாகிரா மட்டும் இழுக்கவில்லை. மூன்று முறை சொன்னேன்.

"சும்மா நடந்தாலே நல்லாருக்குக்கா."

மாஸ்டரைத் திருத்த இவள் யார்? அவரோடு பத்து வருடம் ஆடியது நானா, இவளா? நிகழ்ச்சியிலிருந்தே அவளை நீக்கினேன்.

பார்த்துக்கொண்டிருந்த மாஸ்டரின் மனைவி கேட்டார்: "அது ஸ்டெப்பாம்மா? இத அமைச்ச வருசம் அவருக்கு முழங்கால் வலி. கால் இழுக்குதேன்னு தெனமும் வீட்ல தன்னையே திட்டிக்குவாரு."

ஷாகிராவின் வீட்டுக்கு ஓடினேன். வாசலிலேயே கேட்டாள்: "இப்ப இழுக்கணுமா, வேணாமாக்கா?"

"வேணாம். நீ வா."

மாஸ்டருக்காகத்தான் கோபப்பட்டேன் என்று சொல்லிக்கொள்ள இன்றும் கூச்சமாக இருக்கிறது.