சபைச் சுவரில் ஒரு அர்ஜென்டினா நடிகர்

சித்தூரில் மாம்பழக் கூழ் ஆலையில் எனக்கு வேலை. மாங்காய்க் காலம் முடிந்துவிட்டால் வாட்ச்மேனையும் என்னையும் தவிர அங்கே ஆள் இருக்காது. அப்படி ஓய்ந்த ஒரு மாதத்தில்தான் போனில் தானாக ஒரு படம் வந்து நின்றது. அர்ஜென்டினா படம். தமிழில் குரல் கொடுத்திருந்தார்கள். வெள்ளைக்காரக் கிழவர் ஒருவர் வேலூர் பஸ் கண்டக்டர் மாதிரி பேசினார். முகம் மட்டும் அந்தப் பேச்சைச் சட்டை செய்யாமல் தன் வேலையைப் பார்த்துக்கொண்டிருந்தது. அந்த முகத்துக்காக அவருடைய மற்ற படங்களைத் தேட ஆரம்பித்தேன்.

அவற்றில் தமிழ் இல்லை. கீழே இங்கிலீஷ் எழுத்து ஓடும். என் பத்தாம் வகுப்பு இங்கிலீஷுக்கு அது ரொம்ப வேகம். வரிக்கு வரி நிறுத்திப் படிப்பேன். இரண்டு மணி நேரப் படம் எனக்கு நான்கு நாள் ஓடும்.

"இன்னாய்யா, அந்தக் கெழவரு இன்னும் படிக்கட்டுல இருந்து எறங்கலயா? நேத்தும் அங்கதான நின்னுக்கினு இருந்தாரு" என்பாள் மனைவி.

போன வருஷம் அவர் இறந்துவிட்டார் என்று போனிலேயே பார்த்தேன். யாரிடம் சொல்வது? பஸ் ஸ்டாண்டு பக்கம் ஸ்டுடியோவில் அவர் படம் ஒன்றைப் பிரிண்ட் போட்டு, கண்ணாடிச் சட்டம் அடித்து, வீட்டில் பைபிள் வசனக் காலண்டருக்குப் பக்கத்தில் மாட்டினேன். கறுப்பு கோட்டு, வெள்ளைத் தாடி, கையில் தடித்த புத்தகம்.

அடுத்த வாரம் எங்கள் வீட்டில் ஜெபக்கூட்டம். திருப்பதியிலிருந்து புதிதாக மாற்றலாகி வந்த போதகரும், சபைச் செயலாளரும் வந்தார்கள். எங்களுடையது மிஷன் காலத்துச் சபை. கோயிலைக் கட்டிய வெள்ளைக்காரத் துரையின் பெயர் கல்லில் இருக்கிறது. படம் மட்டும் யாரிடமும் இல்லை.

செயலாளர் சட்டத்தைப் பார்த்து எழுந்து நின்றுவிட்டார். "அய்யா! துரைக்கு வெள்ள தாடின்னு எங்க நைனா சொல்லிக்கினே இருப்பாரு. கையில பைபிளப் பாருங்க!"

"உங்க குடும்பத்துல பத்திரமா வெச்சிருந்தீங்களா, பிரதர்?" என்றார் போதகர்.

பெரியவர்கள் எதைக் கேட்டாலும் எனக்குச் சிரிப்புதான் வரும். சிரித்தேன். கோயிலில் மாட்ட வேண்டும் என்று செயலாளர் ஆணியில் இருந்து சட்டத்தை இறக்கிக்கொண்டார். அடுப்படியில் இருந்து டீயோடு வந்த மனைவி வெறும் ஆணியைத்தான் பார்த்தாள்.

அவர்கள் போன பிறகு பிடித்துக்கொண்டாள். "நீ சொல்லலயா?"

"நடிகரான்னு அவங்க கேக்கலயே."

"அந்தப் புக்குக்குள்ள துப்பாக்கி வெச்சுக்கினு மூணு பேர சுட்டாரேய்யா! அவரு எதிர்ல நான் எப்டி முட்டி போடறது?"

வருகிற ஞாயிறு சபை ஆண்டு விழாவில் படத்தைத் திறந்து வைப்பதாக முடிவாகியிருந்தது. அதற்குள் நான் வாயைத் திறக்காவிட்டால், என் பேரப்பிள்ளைகள் காலத்திலும் அவர்தான் துரை. செயலாளர் வீட்டுக்கு இரண்டு தடவை போனேன். இரண்டு தடவையும் மழை வருமா என்று கேட்டுவிட்டுத் திரும்பினேன்.

ஞாயிற்றுக்கிழமை, பலிபீடத்துக்குப் பக்கத்துச் சுவரில் அவர் வெள்ளைத் துணி மூடித் தொங்கிக்கொண்டிருந்தார். திறப்பதற்கு முன் சாட்சி சொல்லும் நேரம். யார் வேண்டுமானாலும் எழுந்து கர்த்தர் செய்த நன்மையைச் சொல்லலாம். முப்பது வருஷத்தில் நான் எழுந்ததே இல்லை. பெண்கள் பக்கம் பார்த்தேன். மனைவியின் கண் என்னை எழுப்பி நிறுத்தியது.

"ஸ்தோத்திரம்! பிரதர் துரையப் பத்தி சொல்லப் போறார்" என்றார் போதகர்.

கடைசியில் இருந்து சொல்ல எனக்குத் தெரியவில்லை. முதலில் இருந்தே ஆரம்பித்தேன்.

"இவரு அர்ஜென்டினாவுல பொறந்தாரு. நைனா தையக்காரரு."

"ஸ்தோத்திரம்!" என்றது சபை.

"சின்ன வயசுல நாடகக் கொட்டாயில நாற்காலி தூக்கினாரு."

"ஸ்தோத்திரம்!"

"பத்து வருஷம் கூட்டத்தோட கூட்டமா நின்னாரு. ஒரு வார்த்த பேச வுடல."

"ஆமென்!" என்றார் ஒரு பெரியவர், கண்ணைத் துடைத்துக்கொண்டு.

"அப்பறந்தான் சினிமாவுல ஈரோ ஆனாரு."

செயலாளரின் கை துணியின் கயிற்றிலேயே நின்றுவிட்டது.

"சினிமாவா, பிரதர்?" என்றார் போதகர்.

"ஆமாங்கய்யா. இவரு துரை இல்ல. நடிகரு. எனக்குப் புடிச்சவரு. அன்னிக்கே சொல்லியிருக்கணும்."

உட்காரலாம் என்று முழங்காலை மடக்கினேன். பெண்கள் பக்கம் இருந்து ஒரு குரல்: "ஈரோ ஆனாரு, செரி. அப்பறம் இன்னா ஆனாரு?"

போதகரைப் பார்த்தேன். அவரும் பதிலுக்குக் காத்திருப்பது போலத்தான் இருந்தது. சொன்னேன். முடி கொட்டியதும் வில்லன் ஆனது, அதுவும் போய் டாக்ஸி ஓட்டியது, தாடி நரைத்த பிறகு திரும்பக் கூப்பிட்டது, எண்பது வயதிலும் வசனத்தை மனப்பாடம் செய்துவிட்டுத்தான் வீட்டை விட்டுக் கிளம்புவது. என் வாழ்நாளில் அவ்வளவு நேரம் நான் பேசியதில்லை. கூட இருந்து பார்த்தவன் போலப் பேசியிருக்கிறேன் என்று மனைவி பிற்பாடு சொன்னாள்.

துணியோடு சேர்த்து அவரை இறக்கினார்கள். "மூணு நாளா கண்ணாடி தொடச்சேன்டா, பாவி" என்று செயலாளர் என் கையில் கொடுத்தார். சபைச் சுவரில் ஆணி மட்டும் நிற்கிறது. வீட்டில் மனைவி அவரைக் காலண்டர் பக்கத்தில் விடவில்லை. டிவிக்கு மேலே மாட்டிவிட்டாள்.

முன்பெல்லாம் தெருவில் ஆள் வந்தால் நான் எதிர்ப்பக்கம் போய்விடுவேன். இப்போது விடமாட்டேன் என்கிறார்கள். நேற்று காய்கறிக் கடையில் சபை அம்மா ஒருவர் பையைப் பிடித்துக்கொண்டார்.

"ஏம்பா, அந்தத் துரை கல்யாணம் கட்டினாரா?"

"மூணு கட்டினாரும்மா."

கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, "ஸ்தோத்திரம்" என்றார்.