தண்ணீர் நிற்காத தொட்டி

அக்கா போய் ஒரு வருடமாகிவிட்டது. நினைவு மலரில் அவரைப் பற்றி நாலு நல்ல வார்த்தை எழுதச் சொன்னீர்கள். அப்படி எழுத எனக்கு வராது. நடந்ததை எழுதுகிறேன்.

அக்கா அக்கரப்பத்தனையில், தேயிலைத் தோட்டத்து லய வீடு ஒன்றில் பிறந்தார். அப்பா இறந்தபோது அவருக்குப் பதினான்கு வயது, எனக்கு ஆறு. அத்தோடு படிப்பை விட்டார். கொஞ்ச காலம் கொழுந்து பறித்தார். பிறகு குவைத்துக்கு வீட்டு வேலைக்குப் போய்ப் பதினெட்டு வருடம் இருந்தார். நான் படித்ததும் எனக்குத் திருமணம் நடந்ததும் அவர் உழைப்பில். அவருக்குத் திருமணம் நடக்கவில்லை. அவர் இருந்தவரை அதைப் பற்றி வாய் திறக்காதவர்கள் சாவு வீட்டில் வந்து பேசினீர்கள். நான் கேட்டுக்கொண்டுதான் இருந்தேன்.

திரும்பி வந்து, லயத்துக்குக் கீழே வீடு கட்டினார். எதற்கும் ஆசைப்படாதவர், குளியலறைக்கு ஒரு தொட்டி மட்டும் வேண்டும் என்றார். காலை நீட்டிப் படுத்துக் குளிக்கிற வெள்ளைத் தொட்டி. அதைப் பதித்த மேசன் பாஸ் சிரித்தார்.

"ஏன் தங்கச்சி, மாட்டுக்குத் தண்ணி காட்டவா இது?"

"ஆமா பாஸ், நான்தான் அந்த மாடு. பதினெட்டு வருசமா குவைத்துல இந்த மாதிரித் தொட்டிய தேச்சுக் கழுவியிருக்கேன். ஒரு நாளாச்சும் உள்ள படுத்துப் பாக்க வேணாமா?"

அந்த மாதமே நோய் தெரிந்தது. கண்டியில் வைத்தியம் நடந்தது. மருந்து ஏற்றிவிட்டு வந்தால் எலும்புக்குள் குளிர்கிறது என்பார். தொட்டிக்குள் பிளாஸ்டிக் கதிரை போட்டு உட்கார வைத்து, என் மனைவிதான் சுடுதண்ணீர் ஊற்றிக் குளிப்பாட்டுவாள். ஒவ்வொரு முறையும் முடி கை கையாக வந்தது.

கொஞ்சம் தெம்பு வந்த ஒரு ஞாயிற்றுக்கிழமை, தொட்டி நிறையச் சுடுதண்ணீரில் படுக்க வேண்டும் என்றார். மனைவி விறகடுப்பில் அண்டா அண்டாவாகக் காய்ச்சினாள். நான் வாளியில் சுமந்து ஊற்றினேன். அக்காவைப் பிடித்து நடத்தி வருவதற்குள் பாதித் தண்ணீர் இறங்கிவிட்டது.

தொட்டியின் சுவரில் ஒரு வட்டக் குமிழ் இருக்கிறது. அதைத் திருப்பினால் உள்ளே ஒரு கம்பி இழுபட்டு, அடியில் உள்ள மூடியை ஏற்றும், இறக்கும். மூடி இறங்கியது. ஆனால் ஓட்டையில் படிந்து உட்காரவில்லை.

குமிழைக் கழற்றினேன். கம்பியின் நீளத்தைக் கூட்டினேன், குறைத்தேன். கிரீஸ் பூசினேன். அடுத்த ஞாயிறு ஹட்டனுக்குப் போய்ப் மூடிக்குப் புது ரப்பர் வாசர் வாங்கி வந்து போட்டேன். அதற்கடுத்த ஞாயிறும் தண்ணீர் இறங்கியது. அக்கா குளியலறை வாசலில் கதிரையில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார்.

"டேய், கம்பிய விடுடா. மூடியக் கையால திருகு, கழண்டு வந்திரும். அடியில முடி சிக்கியிருக்கும். அங்க வாராவாரம் நான்தான் எடுப்பேன்."

"நீ சும்மா இருக்கா. தேயிலை பேக்டரியில ரோலரப் பிரிச்சு மாட்டுறவனுக்கு இது தெரியாதா?"

"பெரிய இஞ்சினியரு," என்றார். சிரிக்கத்தான் பார்த்தார், இருமல் வந்துவிட்டது.

அவர் வாயால் முடி என்ற பேச்சைக் கேட்க என்னால் முடியவில்லை. அதுவும் உண்மை. அதைவிட, வீட்டு வேலை செய்தவர் எனக்கு வேலை சொல்வதா என்ற திமிர். துணி வைத்து அடைக்கலாம் என்று மனைவி சொன்னதற்கும் சத்தம் போட்டேன். அன்றைக்கு ஒரு பழைய துணி போதுமாக இருந்திருக்கும்.

அந்த வாரம் அக்காவுக்கு மூச்சு முட்டியது. ஆஸ்பத்திரியில் ஒன்பது நாள் வைத்திருந்துவிட்டு, இனி வீட்டிலேயே வைத்துப் பாருங்கள், அசைக்காதீர்கள் என்று அனுப்பிவிட்டார்கள். வந்த அன்று ஆத்திரத்தில் குளியலறைக்குள் போய், பிய்த்து எறிந்துவிடலாம் என்று அந்த மூடியைப் பிடித்துத் திருகினேன். கழன்று கையோடு வந்தது. அடியில் அக்காவின் முடி, பந்தாகச் சுற்றியிருந்தது. எடுத்துவிட்டு மூடியை மறுபடி மாட்டினேன். தண்ணீர் காய்ச்சி ஊற்றினோம். அப்படியே நின்றது.

அக்காவிடம் போய், தொட்டி சரியாகிவிட்டது என்றேன். கண்ணைத் திறக்காமல் கேட்டார்.

"தண்ணி நிக்குதாடா?"

"நிக்குதுக்கா. ஒரு சொட்டு எறங்கல."

"அடியில என்னா இருந்துச்சு?"

"மணலுக்கா. பீலிக் கொழாத் தண்ணியில வர்ற மணலு."

"மணலா? சரி," என்றார். "தண்ணிய அப்பிடியே விட்றாத. தேச்சுக் கழுவி விட்ரு. கறை புடிச்சா போகாது."

போய்த் தேய்த்துக் கழுவினேன். வேறு என்ன செய்யத் தெரியும் எனக்கு? மூன்றாம் நாள் காலையில் அக்கா போய்விட்டார்.

அவரைத் தூக்கி இறக்கிய லயத்துப் பிள்ளைகளுக்கும், கேட்டபோதெல்லாம் வேன் கொண்டுவந்த பக்கத்து வீட்டுக்காரருக்கும், சாவு வீட்டுக்குச் சமைத்துப் போட்ட பெண்களுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. கடைசிவரை முகம் சுளிக்காமல் அக்காவைப் பார்த்த என் மனைவிக்கு நான் நேரில் சொல்லாத நன்றியை இங்கே எழுதுகிறேன்.

வீட்டுக்கு வருகிறவர்கள் அந்தத் தொட்டியைக் காட்டச் சொல்கிறீர்கள். பாருங்கள். தண்ணீர் நிற்கிறதா என்று மட்டும் என்னிடம் கேட்க வேண்டாம். நிற்கிறது.