தாலி ஏறுற வரைக்கும் அடி

என்னை மேளக்காரன்னு யாராச்சும் சொன்னா பொசுக்குனு கோவம் வந்துரும். நான் டிரம்மர். ராமநாதபுரத்துல எங்க பேண்டு செட்டு. சினிமாப் பாட்டுத்தான் வாசிப்போம். பரமக்குடியிலருந்து ராமேஸ்வரம் வரைக்கும் எங்களக் கூப்பிடாத கல்யாணம் கொறச்சல். அந்த மண்டக்கனத்துலதான் சொன்னேன்: என் தங்கச்சி கல்யாணத்துல வேற எவனும் டிரம் அடிக்கக் கூடாது.

திருப்புல்லாணிக்குப் பக்கத்துல எங்க ஊரு. வீட்டு வாசல்லயே பந்தல். அய்யாவுக்கு ஒடம்புக்கு முடியாம உள் அறையில படுத்த படுக்கை. அவர் எடத்துல சித்தப்பாதான் மணவறையில உக்காந்தார். மாப்பிள்ளையோட ஆத்தா சகுனம் பாக்குறவ. பல்லி கத்துச்சுன்னு, பொண்ணு பாக்க வந்த வண்டியப் பாதி வழியில திருப்பிட்டுப் போனவ. மறுபடி வரவைக்கிறதுக்குள்ள எங்களுக்குத் தாவு தீந்துபோச்சு.

முகூர்த்தம் நெருங்குற நேரம் அம்மா எங்கிட்ட வந்து குனிஞ்சா.

"ஏலே, அய்யா போயிட்டாருடா. அழுது தொலைச்சிராத. தாலி ஏறுற வரைக்கும் அடி. உள்ள அழுகுற சத்தம் வெளிய வரக்கூடாது."

முந்தானையால மூஞ்சியத் துடைச்சுக்கிட்டு மணவறைக்குப் போயி, வந்தவங்களுக்குக் குங்குமம் நீட்டுனா. எப்படித்தான் அவளால முடிஞ்சுச்சோ, இன்னிக்கும் எனக்கு விளங்கல.

எழவு விழுந்த வீட்டுல தாலி கட்டமாட்டாங்க. கல்யாணம் நின்னா, அப்பன முழுங்குன பொண்ணுன்னு தங்கச்சிக்குப் பேர் கட்டிருவாங்க. அப்புறம் எவன் வருவான்?

அடிச்சேன். பாட்டு ஓடுறப்ப பயமில்ல. ஒண்ணு முடிஞ்சு அடுத்தது எடுக்குற இடைவெளிதான் எமன். உள்ள அத்தை, அய்யாவோட அக்கா, வாயில துணிய அடைச்சுக்கிட்டு அவர் பக்கத்துல கெடந்தா. அதையும் மீறி ஒரு கேவல் கேட்டுச்சு. சட்டுனு டிரம்ம உருட்ட ஆரம்பிச்சேன்.

கிளாரினெட்காரர் முறைச்சார். "ஏப்பா, மூச்சு வாங்க விடமாட்டியா?"

"வாசிங்கண்ணே!"ன்னு கத்துனேன். பாவம், அவருக்கு ஒண்ணும் தெரியாது. மறுபடி ஊத ஆரம்பிச்சார்.

மாப்பிள்ளையோட ஆத்தா வாயெல்லாம் பல்லா, "பாசக்காரப் பய! தங்கச்சி கல்யாணம்னதும் என்னா போடு போடுறான்!"னா. பந்தல்ல விசில் பறந்துச்சு. எனக்கு வந்த ஆத்திரத்துக்குக் குச்சிய அவுங்க மேலயே எறிஞ்சிருப்பேன். பல்லக் கடிச்சுக்கிட்டு நானும் சிரிச்சேன். அப்புறம் இலங்கை வரைக்கும் போயி மேடையேறிக் கைதட்டு வாங்கியிருக்கேன். அன்னிக்கு அடிச்ச மாதிரி ஒருநாளும் அடிச்சதில்ல.

ஐயர் மந்திரத்த இழுக்குறார், இழுக்குறார். சீக்கிரம் முடிச்சுத் தொலைங்க சாமின்னு மனசுக்குள்ள அலறுனேன். கை கடுத்துப்போச்சு. கண்ணுல வந்தது வேர்வையா அழுகையான்னு யாரும் கேக்கல, நல்லவேளை.

ஒருவழியாத் தாலி ஏறுச்சு. அட்சதை விழுந்துச்சு. நிறுத்துனேன்.

தங்கச்சி மாலையும் கழுத்துமா எந்திரிச்சா. மாப்பிள்ளையக் கூட்டிக்கிட்டு நேரா அய்யா அறைக்கு நடந்தா. அம்மா வாசப்படிய மறிச்சு நின்னா. நானும் பின்னாலயே ஓடுனேன்.

"அண்ணே, அய்யா காலத் தொட்டுக் கும்பிடணும். எழுப்பி உக்கார வையி"ன்னா தங்கச்சி. அவ மூஞ்சியில அம்புட்டுச் சந்தோசம்.

அம்மா தன் தலையில இருந்த பூவ உருவிக் கீழ போட்டா.