ராணிக்கு ஒரு கேரட், எனக்கு ஒரு ஞாபகம்

குதிரைச் சோலியில் மனுசன் பாதி, குதிரை பாதி; என் வயசு ஆயிட்டா குதிரை முக்கால்னு வச்சுக்கங்க. கண்ணாடியை நெத்தியில் ஏத்தி வச்சுக்கிட்டு வீடெல்லாம் தேடுறவங்க, அடுப்படிக்குப் போய் எதுக்கு வந்தோம்னு முழிக்கிறவங்க, எல்லாரும் இப்படிக் கிட்ட வந்து உக்காருங்க. இது நம்ம கூட்டத்துக் கதை. கொடைக்கானல் ஏரிக்கரையில் ராணின்னு ஒரு பெட்டைக் குதிரையை வச்சு டூரிஸ்டுகளைச் சவாரி கூட்டிட்டுப் போறேன். இன்னைக்கும் போறேன். நடுவுல அது நின்னு போயிருக்க வேண்டியது.

இறங்கினவங்களையே ஏத்தப் போனது

ஒரு நாள் காலையில் திருச்சிப் பக்கத்துக் குடும்பம் ஒண்ணு வந்துச்சு. அவங்க பொண்ணை ராணி மேல ஏத்தி, மரத்தடி வரைக்கும் போய்த் திரும்பி, பத்திரமா இறக்கி விட்டேன். போய் ஒரு டீ குடிச்சேன். திரும்பி வந்தா ஒரு குடும்பம் நிக்குது. "வாங்க சார், ரொம்ப சாதுக் குதிரைங்க, பாப்பாவை ஏத்துங்க"ன்னு கூப்பிட்டேன்.

அப்பாக்காரர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். பொண்ணு ராணியோட மூக்கைத் தடவிக்கிட்டே கேட்டுச்சு: "தாத்தா, குதிரைக்கு என்னைத் தெரியுது, உங்களுக்கு மட்டும் ஏன் தெரியல?"

தொங்கின மாப்பிள்ளை

சேணம் கட்டுறதில் ஒரு சூட்சுமம் இருக்கு. வயித்தடியில் வாரை இழுத்துக் கட்டும்போது ராணி மூச்சைப் பிடிச்சு வயித்தை உப்பிக்கும். இறுக்கம் பிடிக்காது அதுக்கு. நாலு எட்டு நடக்க விட்டா மூச்சை விட்டுரும், வார் தொளதொளன்னு ஆயிரும். அப்ப ரெண்டாம் தரம் இழுத்து இறுக்கணும். ஏரிக்கரையில் எல்லாரும் செய்யிறதுதான். என் கை தானாச் செஞ்சுக்கிட்டு இருந்துச்சு.

அன்னைக்குக் கை மறந்துருச்சு. ஏறினவர் புது மாப்பிள்ளை, நல்ல வாட்டசாட்டம், கோட்டு வேற. போட்டோவுக்குச் சிரிச்சுக்கிட்டே இருந்தவர், சேணத்தோட ஒரு பக்கமாச் சரிஞ்சு பலாப்பழம் மாதிரித் தொங்கினார். பக்கத்துக் குதிரைக்காரர் காதர் பாய் ஓடி வந்து தாங்கிப் பிடிச்சார். ராணியும் அசையாம நின்னுச்சு. கோட்டுப் பொத்தான் ஒண்ணு போனதோட சரி. அவர் இருந்த எடத்துல ஒரு பச்சப்புள்ள இருந்திருந்தா?

புதுப்பொண்ணு கையில் இருந்த போனை இறக்கவே இல்லை: "அப்படியே இருங்க, இந்தப் போட்டோவைத்தான் அம்மாவுக்கு அனுப்பணும்."

ஓடிப்போன வார்த்தை

காதர் பாய் நேரா அட்டுவம்பட்டியில இருக்கிற எங்க வீட்டுக்கே வந்து விசயத்தைச் சொல்லிட்டார். "குதிரையை வித்துருவோம்"னான் மகன். மருமக ஜோதிதான், "முதல்ல டாக்டர்கிட்டக் காட்டுவோம்"னு கூட்டிட்டுப் போச்சு.

டாக்டரம்மா மூணு வார்த்தை சொல்லி மனசுல வச்சுக்கச் சொன்னாங்க. அப்புறம் கடிகாரம் வரையச் சொன்னாங்க. நான் பென்சில் பிடிச்ச காலமே வேற. வட்டம் குதிரைக் குளம்பு மாதிரி வந்துச்சு. திருப்பிக் கேட்டப்ப மூணுல ஒரு வார்த்தை ஓடியே போச்சு. ரத்தம் எடுத்தாங்க. காது, தூக்கம், பிரஷர் எல்லாம் பார்த்தாங்க. சத்துக் குறைவு, தைராய்டுன்னா மருந்துலயே சரியாகுற மறதியும் உண்டாம். எனக்கு அது இல்லை. பிரஷர்தான் கூடக் கெடந்துச்சு.

"இது டிமென்ஷியாவாம்மா?"ன்னு நேராவே கேட்டேன். எங்க தெருவுல ஒருத்தர் தன் வீட்டு வாசல்லயே நின்னு வீட்டைத் தேடினதைப் பார்த்தவன் நான்.

"இல்லைங்கய்யா. வயசானா வர்ற மறதியை விடக் கொஞ்சம் கூட, அவ்வளவுதான். உங்க சோலியை நீங்களே பாத்துக்கிறீங்க, கடைக்குப் போறீங்க, வீடு திரும்புறீங்க. அதெல்லாம் கைவிட்டுப் போற அளவுக்கு ஆனாத்தான் டிமென்ஷியா. இதை லேசான அறிவாற்றல் குறைபாடுன்னு சொல்வோம். இங்கேருந்து மலையெறங்கிப் போற பஸ் நடுவழியில பெருமாள்மலையில நிக்குதுல்ல, அந்த மாதிரி. சிலருக்கு அங்கேருந்து இன்னும் கீழ எறங்கும். மத்தவங்களை விட அந்த வாய்ப்பு கூடத்தான், மறைக்க மாட்டேன். ஆனா பல பேருக்கு அங்கேயே நிக்கும். சிலருக்குத் திரும்பி மேலயும் வரும்."

மாத்திரையைத் தவறவிடாதீங்க, நடங்க, நாலு பேரோட பேசுங்க, எதையும் ஒரே வரிசையில் செஞ்சு பழகுங்க, மறுபடி வந்து காட்டுங்கன்னாங்க. வாரை மட்டும் இன்னொரு ஆள் பார்த்தப்புறம்தான் யாரையும் ஏத்தணும்னு கண்டிசன். வெளியில வந்தோம். ஜோதி என் கையைப் பிடிச்சுச்சு: "வாங்க மாமா, பஸ் நிக்கிற வரைக்கும் எறங்கி ஒரு டீ குடிப்போம்."

கேரட் ஏற்பாடு

ஜோதி மலைமேல இருக்கிற கிளாவரை ஊருப் பொண்ணு; பொறந்த வீட்டுத் தோட்டத்துக் கேரட் மூட்டை மூட்டையா வரும். "இனிமே ராணிக்கு நெனைச்ச நேரத்துல கேரட் குடுக்காதீங்க மாமா. ரெண்டாம் தரம் இறுக்கினப்புறம் மட்டும் ஒண்ணு குடுங்க"ன்னுச்சு. மருந்து எனக்கா குதிரைக்கான்னு கேட்டேன். சிரிச்சுக்கிட்டே போயிருச்சு.

கொஞ்ச நாள்ல விளங்கிருச்சு. ராணி நாலு எட்டு வச்சதும் நட்டமா நின்னுரும். கேரட் வராம கால் பேராது. கேரட்டுக்காகப் பைக்குள்ள கைய விட்டா, வார் ஞாபகம் தானா வந்துரும். இறுக்கினப்புறம் காதர் பாய் வாருக்கடியில் விரலை விட்டுப் பார்த்துத் தலையாட்டணும், அப்புறம்தான் ஆள் ஏறும். மகன் வந்து ஒரு பகல் பூராம் நின்னு பார்த்தான். விக்கிற பேச்சு அன்னையோட போச்சு.

காதர் பாய்க்குத்தான் வாய் சும்மா இருக்காது: "அண்ணே, உங்க ரெண்டு பேர்ல யாரு யாரை ஓட்டுறீங்கன்னு ஒரு போர்டு எழுதி மாட்டிருங்க."

மூணாவது கேரட்

போன வாரம் மறுபடி டாக்டரம்மாவைப் பார்த்தோம். பஸ் நின்ன எடத்துலயே நிக்குதாம், நல்ல சேதின்னாங்க. இந்தத் தரமும் ஒரு வார்த்தை ஓடிப்போச்சு. போன தரம் ஓடினது அப்பத்தான் வந்து சேந்துச்சு. அவங்களே சிரிச்சுட்டாங்க.

அந்தச் சந்தோசத்தோட ஏரிக்கரைக்கு வந்து, சேணம் கட்டி, ரெண்டாம் தரம் இறுக்கி, கேரட்டும் குடுத்து, காதர் பாய் தலையாட்டி, ஒரு திண்டுக்கல் அம்மா ஏறி உக்காந்தாச்சு. ராணி நாலு எட்டு வச்சு நின்னு என் பையைப் பார்க்குது. குடுத்தேனா, குடுக்கலையா? வாரை இழுத்துப் பார்த்தேன், கல்லாட்டம் இருக்கு. எதுக்கும் இருக்கட்டும்னு ஒண்ணு குடுத்தேன். மரத்தடியில் மறுபடி நின்னுச்சு. மறுபடி வாரைப் பார்த்து, மறுபடி குடுத்தேன். மேலேருந்து அந்தம்மா சொன்னாங்க: "பெரியவரே, இது மூணாவது கேரட்டுங்க."

என் மறதியை டாக்டரம்மாவுக்கு முன்னாடியே கண்டுபிடிச்சு வச்சிருந்த ராணி, அந்த மூணாவதையும் மென்னு முழுங்கிட்டு, காலையிலேருந்து ஒண்ணுமே தின்னாத மாதிரி மூஞ்சியைத் தொங்கப்போட்டு, திரும்பவும் என் பையைப் பார்த்து நின்னுச்சு.