தியேட்டருக்குள் போன என் குரல்

"தேவைப்பட்டால் பிள்ளையை இடையில் எழுப்புவோம்" என்று அந்தப் பெண் தொலைபேசியில் ஆங்கிலத்தில் சொன்னபோது, எனக்குத்தான் சரியாக விளங்கவில்லை என்று நினைத்தேன். ஆசிரியர் பயிற்சிக் கல்லூரிவரை போய்ப் படித்தவள் நான். இருந்தும் திரும்பச் சொல்லும்படி கேட்டேன். அவர் ஒவ்வொரு சொல்லாக, மெதுவாகச் சொன்னார். எழுப்புவோம். முதுகு திறந்தபடி இருக்கும்போதே.

துறைமுகத்தை அண்டிய ஓர்ஸ் ஹில்லில் எங்கள் வீட்டு விறாந்தையில், மடியில் கைக்குழந்தையோடு இருந்தேன். என் மூத்த மகளும் கணவரும் கொழும்பில், ஆஸ்பத்திரி வார்ட்டில் இருந்தார்கள். மறுநாள் காலை அவளுக்கு முதுகெலும்பு ஒப்பரேஷன். நான் போயிருக்க வேண்டும். ஆனால் பிள்ளை பெற்ற வயிற்றில் தையல் இன்னும் ஆறவில்லை, பிள்ளைப்பேற்றுத் துடக்கும் கழியவில்லை. இந்தத் திகதியை விட்டால் அடுத்தது எப்போது கிடைக்கும் என்று ஒருவரும் சொல்லவில்லை. போகாமல் நின்றது சரியா என்று இப்போதும் கேட்டுக்கொள்கிறேன்.

அவளுக்குப் பத்து வயது. பள்ளிக்கூட வெள்ளைச் சட்டை ஒரு பக்கம் தூக்கிக்கொண்டு நிற்பதைக் கண்டு, நான் ஓரம் அடித்தது பிழை என்று இரண்டு தரம் பிரித்துத் தைத்தேன். சட்டையில் பிழை இல்லை. முதுகு வளைந்துகொண்டு வந்திருந்தது. அதை நிமிர்த்தத் திருகாணிகளும் கம்பிகளும் வைப்பார்கள்.

தொலைபேசியில் பேசியவர் சத்திரசிகிச்சை வைத்தியர் அல்ல. ஒப்பரேஷன் நடக்கும் நேரம் முழுவதும் நரம்புகளைக் கவனிப்பதுதான் தன் வேலை என்றார். பிள்ளையின் தலையிலிருந்து மெல்லிய மின்சாரம் அனுப்புவாராம். அது முள்ளந்தண்டு வழியாகக் கால்விரல்வரை போய்ச் சேர்ந்தால் திரையில் ஓர் அலை எழும். கம்பியை இறுக்கும்போது நரம்புக்கு நெருக்குதல் வந்தால் அலை படுத்துவிடும். உடனே வைத்தியரிடம் சொல்வார், அவர் தளர்த்துவார். அதற்கும் அலை திரும்பாவிட்டால்தான் மயக்க மருந்தைக் குறைத்து, கேட்கிறதா என்று அறிய முதலில் கையைப் பொத்தச் சொல்லி, பிறகு காலை அசைக்கச் சொல்லிப் பார்ப்பார்கள்.

"வலிக்காதா?"

"வலிக்கு மருந்து ஓடிக்கொண்டிருக்கும். பிறகு பிள்ளைக்கு ஞாபகமும் இருக்காது." தொடர்ந்து, "எங்கள் ஒப்பரேஷன் தியேட்டரில் நாளைக்குத் தமிழ் தெரிந்தவர்கள் யாரும் இல்லை. உங்கள் குரலைப் பதிந்து அனுப்புவீர்களா?" என்றார்.

அனுப்புகிறேன் என்றேன்.

பதியத் தொடங்கினேன். "மகள், பயப்பட வேண்டாம். உங்கள் இரண்டு பாதங்களையும் மெதுவாக அசையுங்கள்."

குசினி வாசலில் நின்ற மச்சாள், என் கணவரின் தங்கை, சிரித்துவிட்டாள். பிள்ளைப்பேற்றுக்கு உதவியாக என்னோடு வந்து நிற்பவள். "என்ன மச்சாள், றேடியோவில நியூஸ் வாசிக்கிறீங்களோ? உந்தக் குரலுக்கு அவள் எழும்பி நிண்டு, வணக்கம் டீச்சர் எண்டு சொல்லப்போறாள்."

"அப்ப நீர் சொல்லும் பாப்பம்."

"நானெண்டா, அடியேய், காலை ஆட்டடி எண்டுவன்."

"அடியேயோ? தியேட்டரிலயோ?"

"டொக்டர்மாருக்கு என்ன விளங்கப்போகுது?"

சிரித்தேன், தையல் இழுத்தது. பிறகு அவளே யோசித்துவிட்டு, "ஆனா மச்சாள், நீங்க காலை ஆட்டு எண்டு சொன்னா அவள் நம்புவாளே?" என்றாள்.

அது பகிடி இல்லை. என் கணவர் துறைமுகத்தில் இழுவைப்படகில் வேலை செய்பவர். அவருடைய ஆட்கள் திரியாய் என்ற ஊர்ப் பக்கத்துக் கடல்தொழில் குடும்பம். வீட்டு ஆம்பிளை தண்ணீரில் நிற்கும்போது பிள்ளை கதிரையில் இருந்து காலாட்டக்கூடாது என்பது அவர்கள் வீட்டு வழக்கம். கலியாணம் முடித்து வந்த நான் அதை அவர்களையும்விடக் கடுமையாகப் பிடித்துக்கொண்டேன். சாப்பாட்டு மேசையில், பஸ்ஸில், கோயில் மண்டபத்தில், எங்கே அவள் கால் ஆடினாலும் தொடையில் ஒரு தட்டுத் தட்டுவேன். நான் தட்டுவதற்கு முன்பே நிறுத்திவிடும் அளவுக்கு அவள் பழகியிருந்தாள்.

இருந்தாலும் வேறு எப்படிச் சொல்வது? அசை என்பது புத்தகச் சொல், வீட்டில் யாரும் சொல்வதில்லை. கடைசியில் இப்படி அனுப்பினேன்: "குஞ்சு, அம்மா கதைக்கிறன். கையைப் பொத்திப் பிடி பாப்பம். இப்ப ரெண்டு காலையும் ஆட்டு." அனுப்பிய பிறகு பல தடவை போட்டுக் கேட்டேன். குரலில் கண்டிப்புக் கூடிவிட்டதோ என்று இருந்தது. இது எப்படியும் தேவைப்படப்போவதில்லை என்று மச்சாள் சொன்னாள். நானும் அப்படித்தான் நம்பினேன்.

மறுநாள் மத்தியானத்துக்கு முன் கணவர் தொலைபேசி எடுத்தார்.

"இஞ்சேரும். இடது காலின்ட அலை நிண்டிட்டுதாம்."

"என்னெண்டு?"

"கம்பியை இறுக்கேக்க. பிறகு தளத்திட்டினமாம். இன்னும் வரேல்லயாம். உம்மட குரலைப் போட்டவையாம்."

என் குரல் அங்கே போய்விட்டது. குப்புறக் கிடக்கும் என் பிள்ளையின் காதில், முதுகு திறந்து கிடக்கும்போது, நான் பேசியிருக்கிறேன். நான் இங்கே குழந்தைக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்தேன். அந்த இரண்டும் ஒரே நேரத்தில் நடந்திருக்கின்றன என்பது மண்டைக்குள் இறங்கவே மாட்டேன் என்றது.

"கேக்குதோ? கையைப் பொத்தினவளாம். கால் ரெண்டும் அசையேல்லயாம். வலது காலின்ட அலை நல்லா இருக்காம், ஆனா அதையும் ஆட்டுறாளில்லயாம். விளங்கேல்லயோ எண்டு கேக்கினம். வேற என்ன சொல்லுறது? நேர்ஸ் இதில நிக்கிறா, கெதியாச் சொல்லும்."

தமிழே மறந்து போனதுபோல் இருந்தது. தூக்கு, நீட்டு, உதை, எல்லாம் வந்தன, எல்லாம் பிழையாகப் பட்டன. மச்சாள் என் தோளைப் பிடித்து உலுக்கினாள். அப்போது அறை மூலையில் கிடந்த தையல் மெஷின் கண்ணில் பட்டது. நான் துணியைப் பிடித்துக்கொண்டு இருக்க, அவள்தான் கீழே கால் வைத்து மிதிப்பாள். அது ஒன்றுக்குத்தான் இந்த வீட்டில் அவளுடைய காலுக்கு முழு அனுமதி.

"மிதி எண்டு சொல்லச் சொல்லுங்கோ."

"மிதியோ?"

"ஓம், ஓம். மிதி. அம்மா மெஷினில இருக்கிறா, மிதி. அவ்வளவுதான்."

அவர் துறைமுகத்துச் சிங்களத்தில் நேர்ஸுக்கு ஏதோ சொல்வது கேட்டது. "மிதீ, மிதீ" என்று ஒரு பெண்குரல் இரண்டு தரம் சொல்லிப் பழகியது. ஓடும் சத்தம். கதவு. தொடர்பு அறுந்துவிட்டது.

அதற்குப் பிறகு நான் என்ன செய்தேன் என்று மச்சாள் சொல்லித்தான் தெரியும். நிலத்தில் இருந்துகொண்டு, என்னுடைய கால்விரல்களை மடக்கி நீட்டி, மடக்கி நீட்டிப் பார்த்துக்கொண்டிருந்தேனாம். குழந்தையை என் கையிலிருந்து வாங்கியதும் அவள்தானாம்.

திரும்ப எடுத்தபோது அவர் அழுதுகொண்டிருந்தார். நான் எல்லாம் முடிந்தது என்றே நினைத்தேன்.

"மிதிச்சிட்டாளாம்."

"எந்தக் கால்?"

"வலது நல்லா. இடது கொஞ்சமாம். இனி இறுக்கமாட்டினமாம். நிமிர்ந்தது போதுமெண்டு மூடப்போகினமாம்."

பின்னேரம், நரம்புகளைக் கவனித்த அந்தப் பெண்ணே எனக்கு எடுத்தார். அலை பாதிக்கு மேல் திரும்பிவிட்டது, மூடும்வரை அப்படியே நின்றது என்றார். முதுகு முழுதாக நிமிரவில்லை, ஒரு பங்கு வளைவு இருக்கும். நான் அந்த வழக்கத்தைச் சொல்லி, நான் பதிந்து அனுப்பிய ஆட்டு என்ற சொல்தான் பிழையா என்று கேட்டேன். மிதி என்று சொன்ன நேரம்தான் மயக்க மருந்து போதுமான அளவு குறைந்திருக்கலாம், முதல் தடவை கையைப் பொத்தினாலும் எந்தச் சொல்லுக்கும் கால் அசைந்திருக்காது. அல்லது நீங்கள் சொல்வதுபோலவும் இருக்கலாம், தன்னால் சொல்ல முடியாது என்றார். "இடது காலை இனி எழும்பிய பிறகுதான் சரியாகப் பார்க்கலாம்" என்பதையும் சொல்லி வைத்தார். அதன் பிறகு எனக்கு வேறு எதுவும் காதில் ஏறவில்லை.

மாலை மங்கும் நேரம் கணவர் எடுத்தார். தீவிர சிகிச்சைப் பிரிவுக்குள் விடவில்லையாம், கண்ணாடிக்கு வெளியே நின்று பார்த்தாராம். மல்லாக்கப் படுக்க வைத்திருக்கிறார்களாம். குரல் தெளிந்திருந்தது.

"கண் முழிச்சிட்டாள். இடது காலை ஆட்டினவள். என்ட கண்ணால கண்டனான்."

"மற்றக் கால்?"

"அது போர்வைக்குள்ள. அது பிரச்சினை இல்லத்தானே."

"நீங்கள் எங்க நிண்டு பாத்தனீங்கள்?"

"கண்ணாடிக்கு இஞ்சால, கால்மாட்டில."

நான் கட்டிலில் எழும்பி இருந்தேன். "அப்ப உங்கட இடதுகைப் பக்கம் அவளின்ட வலதல்லோ?"

பல வருடங்களாகக் கப்பல்களை இடமும் வலமும் பார்த்துத் தள்ளிக்கொண்டு போய்க் கட்டுகிற மனிதர். எதிரே நின்று பார்த்தது மனைவி கேட்ட பிறகுதான் அவருக்கு உறைத்தது.

"பொறும்" என்றார். செருப்புச் சத்தம் தூரப் போனது. யாரையோ கெஞ்சுவது கேட்டது, ஒரு பெண் அதட்டுவதும் கேட்டது. மச்சாள் குழந்தையைத் தோளில் போட்டபடி என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

செருப்புச் சத்தம் திரும்பி வந்தது.

"நேர்ஸ் போர்வையைத் தூக்கிக் காட்டினவ. நெஞ்சு துடிக்கிற பக்கத்துக் கால். என்ட பக்கம் இல்ல, அவளின்ட பக்கம். பெருவிரலும் பக்கத்து விரலும் ஆட்டினவள்."

"மற்ற மூண்டும்?"

"நேர்ஸ் பேசுறா இஞ்ச, வெளியில போகச் சொல்லி" என்றார் அவர். "அதையும் பாத்திட்டு எடுக்கிறன்."